தத்தன் நடந்த வழி: ஓர் இளம் கூத்தாசிரியருக்கு

திருக்கோவலூரை ஆண்ட மெய்ப்பொருள் நாயனாரின் வரலாறு பெரிய புராணத்தில் 24 பாடல்களில் முடிந்துவிடுகிறது. அதில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு, கொலைக்குப் பிறகு நடப்பது. குத்துப்பட்டு விழுகிற அரசர், சிவனடியார் வேடத்தில் வந்து குத்திய முத்தநாதனை ஊர் எல்லை தாண்டிப் பத்திரமாகக் கொண்டுபோய் விடும்படி வாயிற்காவலன் தத்தனிடம் சொல்கிறார். அவன் சேதமில்லாமல் போய்ச் சேர்ந்தான் என்ற செய்தி வரும்வரை உயிரைப் பிடித்து வைத்திருக்கிறார். பகைவனிடம் அன்பு என்ற அறத்துக்குத் தமிழில் இதைவிடத் துலக்கமான கதை கிடையாது. நடந்த இடமாகச் சொல்லப்படுவதும் தென்பெண்ணைக் கரைதான். அவலூர்பேட்டையிலிருந்து திருவண்ணாமலை போய்ப் பேருந்து மாறினால் எட்டிவிடலாம். அந்தகாசுரனைச் சிவன் அழித்ததாகச் சொல்லப்படும் வீரட்டானக் கோயிலும் அதே ஊரில் இருப்பது வேடிக்கை. தெய்வம் பகையை முடித்த ஊரில் அரசர் பகைவனுக்கு வழித்துணை அனுப்பியிருக்கிறார்.

அவலூர்பேட்டைப் பக்கத்துக் கூத்து ஜமா ஒன்றில் வேஷம் கட்டும் தம்பி ஒருவர் இந்தக் கதையை ஓர் இரவுக் கூத்தாக எழுதி, படித்துப் பார்க்கும்படி அனுப்பியிருந்தார். நாற்பது பக்க நோட்டு, முதல் தாளில் நான்கு மூலையிலும் மஞ்சள். இந்தக் கடிதம் அந்த நோட்டைப் பற்றியது. விருத்தம் எங்கே, தரு எங்கே, கட்டியக்காரன் எப்போது நுழைவது என்பதெல்லாம் தம்பிக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. படித்தவருக்கு இரண்டு இடங்கள் உறுத்தின. மூன்றாவதாக ஓர் இடத்தில் கோபமே வந்தது.

முதலாவது, கடைசிக் காட்சி. காட்டு வழியில் விடப்பட்ட முத்தநாதன் திரும்பி ஓடி வருகிறான். அரசரின் காலைப் பிடித்து அழுகிறான். பத்து வரி வசனம், பிறகு ஒப்பாரி மெட்டில் ஒரு பாட்டு. சேக்கிழாரிடம் இது கிடையாது. தத்தன் அவனை ஆளரவமற்ற வழியில் விட்டுத் திரும்பியதோடு முத்தநாதன் கதையை விட்டே போய்விடுகிறான். அவன் திருந்தினானா, தன் நாட்டுக்குப் போய் மீசையை முறுக்கினானா என்று சேக்கிழார் ஒரு வார்த்தை சொல்வதில்லை. சோழ அரசில் அமைச்சராக இருந்தவர் என்று சொல்லப்படுபவர் அப்படிக் கணக்கை மறக்கிறவர் அல்லர். வேண்டுமென்றே விட்டிருக்கிறார். பகைவன் திருந்திய நிமிஷத்தில் அவன் பகைவனாக இருப்பது நின்றுபோகிறது. திருந்தியவனிடம் இரங்குவதற்கு நாயன்மார் எதற்கு? கடன் திரும்பி வந்த வட்டிக்கடைக்காரரே போதும்.

அறநூல்கள் வழி பிரிகிற இடமும் இதுதான். குறளில் இன்னா செய்யாமை 32ஆம் அதிகாரம். தீங்கு செய்தவன் வெட்கப்படும்படி அவனுக்கு நன்மை செய்துவிட வேண்டும், பிறகு அவன் செய்ததையும் தான் செய்ததையும் சேர்த்து மறந்துவிட வேண்டும் என்பது வள்ளுவர் கணக்கு. மறக்கச் சொன்ன பகுதிதான் அருமை. வெட்கப்பட வைக்கச் சொன்ன பகுதியில் ஒரு முள் இருக்கிறது. ரோமருக்கு எழுதிய நிருபத்தின் 12ஆம் அதிகாரத்தில் பவுலும், நீதிமொழிகளை எடுத்துக்காட்டி, பசித்த பகைவனுக்குச் சோறு போடுவது அவன் தலையில் நெருப்புத் தணலைக் குவிப்பதாகும் என்கிறார். அதே முள். மத்தேயு 5ஆம் அதிகாரத்து மலைப்பிரசங்கத்தில் அது இல்லை. பகைவரை நேசிக்கவும் துன்புறுத்துகிறவர்களுக்காக வேண்டிக்கொள்ளவும் சொல்லும் இயேசு, காரணமாகக் காட்டுவது வெயிலையும் மழையையும்: இரண்டும் நல்லவன் நிலம், கெட்டவன் நிலம் என்று பார்ப்பதில்லை. பகைவன் மனம் மாறுவான் என்ற உத்தரவாதம் எதுவும் அங்கே தரப்படவில்லை. பாலி நூலான மஜ்ஜிம நிகாயத்தில் புத்தர் இதைக் கடைசி எல்லைக்கே கொண்டுபோகிறார். இரண்டு பக்கமும் பிடி வைத்த ரம்பத்தால் திருடர்கள் அங்கம் அங்கமாக அறுத்தாலும், அப்போது மனத்தில் வெறுப்பு எழுந்தவன் தம் போதனையைப் பின்பற்றியவன் அல்லன் என்கிறார். அறுத்தவர்கள் அழுதார்களா என்பது அங்கேயும் பேச்சில்லை.

டால்ஸ்டாய் 1908 டிசம்பரில் தாரக்நாத் தாசுக்கு எழுதிய கடிதத்தில் குறளின் இந்த 32ஆம் அதிகாரத்தைத்தான் எடுத்தாண்டார். காந்தி அதைத் தென்னாப்பிரிக்காவில் அச்சிட்டார். ருஷ்யாவில் இருந்தவருக்குத் தெரிந்த அதிகாரம் செஞ்சித் தாலுக்காவில் பள்ளி மனப்பாடத்தோடு நின்றுவிடுவது வேறு கதை.

தம்பியின் பிரதியில் அரசர் சாகும்போது பகைவனுக்கு அருளச் சொல்லும் பாரதியார் பாட்டை முழுதாகப் பாடுகிறார். நல்ல பாட்டு. ஆனால் சேக்கிழாருக்கே எழுநூற்றுச் சில்லறை ஆண்டு பின்னால் வந்தவரின் பாட்டைச் சேதி நாட்டு அரசர் பாடினால், விடியற்காலை மூன்று மணிக்கும் விழித்திருக்கிற கிழவர் ஒருவராவது கேட்பார். அதே காட்சியில் ‘மன்னித்தேன்’ என்ற சொல் ஆறு முறை வருகிறது. சேக்கிழாரின் அரசர் மன்னிப்பதாக ஓரிடத்தில்கூடச் சொல்லவில்லை. அவன் நம்மவன் என்கிறார், அவ்வளவுதான். பழைய தமிழில் இதற்கு நிற்கிற சொல் பொறுத்தல். பொறை என்றால் சுமையும்தான், மன்னிக்கிற குணமும்தான். சாலையோரத்தில் இன்னும் அங்கங்கே நிற்கிற சுமைதாங்கிக் கல்லைப் பார்த்தவருக்கு இந்தச் சொல்லை விளக்க வேண்டாம். தலைச்சுமையை அது இறக்கி வாங்கிக்கொள்கிறது, பிறகு நின்றுகொண்டிருக்கிறது. ஆறு முறை ‘மன்னித்தேன்’ சொல்கிறவர் சுமையை இறக்கி வைத்துவிட்டு அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்.

இரண்டாவது உறுத்தல் கட்டியக்காரன். அரண்மனைக் காட்சி முடிந்ததும் அவன் முன்னால் வந்து, சாம்பல் பூசினவனையெல்லாம் நம்பினால் இப்படித்தான் என்று அரசரைக் கிண்டல் செய்கிறான். கைதட்டல் கிடைக்கும், சந்தேகமில்லை. குறளும் அவன் பக்கம்தான். கூடாநட்பு அதிகாரத்தில், பகைவர் கும்பிடுகிற கைக்குள்ளும் ஆயுதம் இருக்கும் என்று வள்ளுவர் எச்சரித்திருக்கிறார். முத்தநாதன் புத்தகக் கட்டுக்குள் வாளை மறைத்துக்கொண்டு வந்தது அந்த எச்சரிக்கைக்குப் படம் போட்டதுபோல. பொருட்பால் படித்த அரசனுக்கு அன்றைக்கு வாசலிலேயே சந்தேகம் வந்திருக்க வேண்டும். தத்தனுக்கு வந்தது. அரசர் தூங்குகிறார், சமயம் பார்த்துப் போகலாம் என்று தடுத்தவன் அவன் ஒருவனே.

ஆனால் இந்தக் கேலியைக் கூத்துக்காரர் ஒருவர் எழுதியிருக்கிறாரே, அதுதான் பொறுக்கவில்லை. மெய்ப்பொருளார் என்ற பெயரே திருவேடத்தை மெய்ப்பொருளாகக் கொண்டதால் வந்தது. திருநீறும் சடையும் யார்மேல் இருந்தாலும் அவருக்கு அது வணங்க வேண்டியது; உள்ளே இருப்பவன் யார் என்பது இரண்டாம் பேச்சு. செஞ்சி வட்டாரத்துக் களரியில் ராத்திரிதோறும் நடப்பது வேறென்ன? கிரீடமும் புஜக்கட்டையும் மார்ப்பதக்கமும் ஏறிய பிறகு, சாயங்காலம் டீக்கடையில் பாக்கி வைத்த ஆள் அங்கே இருப்பதில்லை. துகிலுரிதல் அன்று திரௌபதி வேஷத்துக்கு முன்னால் கற்பூரம் ஏற்றுகிற பெண்கள், உள்ளே இருப்பது மீசை மழித்த ஓர் ஆண் என்று தெரியாதவர்களா? தெரிந்தே கும்பிடுகிறார்கள். ஜமாவின் பிழைப்பு அந்தக் கும்பிடில் இருக்கிறது. வேஷத்தை நம்பியவரை வேஷம் கட்டிப் பிழைப்பவர் ஏமாளி என்று சொன்னால், களரிக்கு முன்னால் உட்கார்ந்திருப்பவர்கள் யார்?

நியாயமான ஓர் ஆட்சேபம் இங்கே உண்டு. அப்படியானால் அரசர் நேசித்தது திருநீற்றைத்தானே, பகைவனை அல்லவே? பகைவனைப் பகைவன் என்று தெரிந்தே நேசிக்கச் சொல்லும் மலைப்பிரசங்கத்துக்கும் இதற்கும் தூரம் இருக்கிறதே? இருக்கிறது, அதை மூடி மறைக்க வேண்டியதில்லை. ஆனாலும் பெரிய புராணத்திலேயே இந்தத் தூரத்தைக் குறைக்கிற இன்னொருவர் இருக்கிறார். எயினனூர் ஏனாதிநாதர், வாட்பயிற்சி ஆசான். தொழிற்போட்டியில் தோற்ற அதிசூரன் நெற்றியில் நீறு பூசி, கேடயத்தால் முகத்தை மறைத்துக்கொண்டு ஒண்டிச் சண்டைக்கு வந்தான். வெட்டப்போகிற சமயத்தில் கேடயத்தை விலக்கினான். நீற்றைக் கண்ட ஏனாதியார் சாகத் தீர்மானித்தார். வாளைக் கீழே போடவும் நினைத்தார். போட்டால், ஆயுதமில்லாதவனைக் கொன்ற பழி அதிசூரனுக்கு வந்துவிடும். அதனால் வாளும் கேடயமும் பிடித்தபடி, சண்டை போடுகிறவர்போலவே நின்றார். கொல்ல வந்தவனுக்குக் கெட்ட பெயர் வரக்கூடாது என்று சாகும்போது ஒரு வேஷம் கட்டிய மனிதர் அவர். உலக அறநூல்களில் இதற்கு ஈடாக ஒன்றைக் காட்டுவது கஷ்டம். தம்பி அடுத்த கூத்துக்குக் கதை தேடினால் இது இருக்கிறது. கட்டியக்காரனுக்கு மட்டும் விடுமுறை கொடுத்துவிட வேண்டும்.

சமணம் வேறு வாசல் வழியாக நுழைகிறது. செஞ்சிக்குக் கிழக்கே மேல்சித்தாமூரில் தமிழ்ச் சமணர்களின் மடமும் பார்சுவநாதர் கோயிலும் இருக்கின்றன. பார்சுவநாதருக்கும் கமடனுக்கும் உள்ள பகை பல பிறவிகளாகத் தொடர்வது. கடைசியில் தவத்தில் நிற்கிறவர்மேல் கமடன் மழையையும் பாறையையும் ஏவுகிறான். நாகராசன் தரணேந்திரன் படம் விரித்துக் காக்கிறான். தாக்கியவனையும் காத்தவனையும் பார்சுவர் ஒரே பார்வையாகப் பார்த்தார் என்பது சமணர் சொல்லும் முடிவு. பகைவனை நேசித்தார் என்றுகூடச் சொல்வதற்கில்லை, அவருக்குப் பகைவன் என்று ஒருவன் இல்லை. கமடன் பாறையைத் தூக்கி நிற்கும் புடைப்புச் சிற்பங்கள் தமிழகத்துக் குன்றுகளில் இருக்கின்றன. தாக்கியவனுக்கும் தீர்த்தங்கரரின் பக்கத்திலேயே ஓர் இடம் கொடுத்துச் செதுக்கியிருக்கிறார்கள். கூத்துக்கு இது ஆகாது. அசையாமல் நிற்கிறவரை வைத்து ராத்திரி முழுக்க ஆட முடியாது.

கூத்துக்கு ஆவது திரௌபதியம்மன். பகை முடிக்கிற கதைக்கு இந்த வட்டாரமே தாய்வீடு. பழைய செஞ்சியாகிய மேலச்சேரிக் கோயிலைத்தான் திரௌபதி கோயில்களுக்கெல்லாம் மூலம் என்கிறார்கள். ஆல்ஃப் ஹில்டபைட்டல் 1988இல் வெளியிட்ட தம் ஆராய்ச்சியின் முதல் தொகுதிக்குச் செஞ்சியிலிருந்து குருச்சேத்திரம் வரை என்று எல்லை போட்டதும் அதனால்தான். விரித்த கூந்தலைப் பகைவன் ரத்தம் தொட்டு முடிகிற அம்மன் அவள். ஆனால் படுகளத்தன்று கவனித்துப் பார்க்க வேண்டும். மண்ணில் நீட்டிப் படுக்கவைத்த துரியோதனன் தொடையில் பீமன் அடித்து முடிந்ததும் ஒப்பாரி தொடங்கும். விழுந்தவன் வில்லன் என்று பதினெட்டு நாளாகக் கதை கேட்ட பெண்கள்தான் கண்ணைத் துடைக்கிறார்கள். பிறகு அந்த உருவத்திலிருந்து ஒரு பிடி மண் வீட்டுக்குப் போகிறது, நல்லதென்று. பாகவதத்தின் முதல் கந்தத்தில் திரௌபதி இன்னும் மேலே போகிறாள். தூங்கிக்கொண்டிருந்த தன் ஐந்து பிள்ளைகளையும் கொன்ற அசுவத்தாமனைக் கட்டி இழுத்து வந்து நிறுத்தும்போது, விடச் சொல்கிறாள். தான் அழுவதுபோல் அவனைப் பெற்ற கிருபியும் அழ வேண்டாம் என்பது அவள் சொன்ன காரணம். இந்தப் பகுதியை ஏன் ஒருவரும் கூத்தாகக் கட்டுவதில்லை என்று இதை எழுதுபவர் முப்பது வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார். கூட்டம் நிற்காது என்பதே எப்போதும் பதில்.

செஞ்சியை ஆண்ட தேசிங்கு ராஜன் கதையைச் சிலர் இந்த வரிசையில் சேர்ப்பார்கள். 1714இல் 22 வயதில் விழுந்த தேசிங்கின் வீரத்தையும், உடன்கட்டை ஏறிய ராணியையும் மதித்து ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லா கான் ராணிப்பேட்டையை அமைத்தார் என்பது மரபு. அது மரியாதை. செத்த பகைவனுக்கு மரியாதை செய்ய அரண்மனையில் ஆளுக்கும் காசுக்கும் குறைவில்லை.

இனி கோபம் வந்த இடம். தத்தன் முத்தநாதனை ஊருக்கு வெளியே கூட்டிப்போவதற்குப் பிரதியில் இருப்பது இவ்வளவுதான்: ‘தத்தன் அவனை அழைத்துச் செல்கிறான். திரை.’

அரசர் பாடு ஒரு நாழிகையில் முடிந்துவிட்டது. அவருக்கு அன்பு இயல்பாகவே இருந்தது, விழும்போதும் கைகூப்பினார். தத்தனுக்கு அப்படி எதுவும் இல்லை. உருவிய வாளோடு பாய்ந்தவன் அவன். அந்த வாள் உறைக்குள் போகவில்லை. அரசர் சொன்ன பிறகு அது யாரைக் காக்கிறது என்பது மட்டும் மாறியது. செய்தி தெரிந்து ஊர் சூழ்ந்துகொள்கிறது. கொலைகாரனை எங்களிடம் விடு என்கிறவர்கள் எல்லாரும் அவனுக்குத் தெரிந்தவர்கள், அவன் மனசில் இருப்பதையே சொல்கிறவர்கள். அவர்களைத் தடுத்து, அரசர் ஆணை என்று சொல்லி விலக்கி, அவன் நடந்தாக வேண்டும். பகைவனை நேசி என்று ஒரு நூல் கட்டளை போட்டால் அது போய்ச் சேர்கிற ஆள் பெரும்பாலும் தத்தனாகத்தான் இருப்பான். அவனிடம் யாரும் உருகச் சொல்லவில்லை. கூட நடக்கச் சொன்னார்கள். போய்விட்டு வந்து சொன்னபோது, நீ செய்ததை எனக்கு வேறு யார் செய்ய முடியும் என்ற பொருளில் அரசர் நன்றி சொல்வதைச் சேக்கிழார் விடாமல் எழுதியிருக்கிறார். அந்த நன்றிக்குரிய நடையைத் தம்பி திரைக்குப் பின்னால் தள்ளிவிட்டார்.

1974 கார்த்திகையில், மேல்மலையனூருக்கு அந்தப் பக்கம் ஒரு சிற்றூரில், இதை எழுதுபவருக்குக் கிடைத்தது தத்தன் வேஷம். வயது பத்தொன்பது. முத்தநாதன் வேஷக்காரரோடு அப்போது பேச்சுவார்த்தை இல்லை. பங்குக் காசில் மூன்று ரூபாய் அவர் தர வேண்டும், தந்துவிட்டதாகச் சொல்லிக்கொண்டிருந்தார். வாத்தியார் வேஷக் கொட்டகையில் சொன்னது இது: “வசனமெல்லாம் ஒண்ணும் கிடையாதுடா. களரிய மூணு சுத்து சுத்து. அவன் மேல தூசி படக்கூடாது. அதான் உன் வேல.”

முதல் சுற்றில் மல்லாட்டைத் தோல் வந்து விழுந்தது. மல்லாட்டை பிடுங்கிய சமயம், கூட்டத்தில் ஆளுக்கொரு மடி இருந்தது. இரண்டாம் சுற்றில் பையன்கள் மண்ணாங்கட்டி எடுத்தார்கள். ஒன்று நேராக முத்தநாதன் முகத்துக்கு வந்தது. கட்டை வாளைக் குறுக்கே நீட்டியதில் மணிக்கட்டில் பட்டு உடைந்தது. பனியில் விறைத்த கையில் அந்த அடி சுரீர் என்றது. பக்கத்தில் அந்த ஆள் நடுங்கிக்கொண்டிருந்தார். நடிப்பா, குளிரா தெரியவில்லை. மூன்றாம் சுற்றில் வாத்தியார் மத்தளத்தை நிறுத்தச் சொன்னார். முகவீணை மட்டும். இரண்டு பேர் சலங்கைச் சத்தத்தோடு, வேறு சத்தமே இல்லாமல் நடந்தார்கள். கூட்டத்தில் மடி உதறுகிற ஓசைகூட நின்றிருந்தது. அந்த மூன்று ரூபாய் பிறகும் வரவில்லை. கேட்பதை விடவும் இல்லை.

தம்பி செய்ய வேண்டியது அதிகமில்லை. முத்தநாதன் அழுகிற காட்சியை எடுத்துவிட்டு, அந்த நேரம் முழுவதையும் நடைக்குக் கொடுக்கலாம். முதல் சுற்றில் ஊருக்கு விஷயம் தெரியாது. இரண்டாவதில் தெரிந்துவிடும். மூன்றாவது ஊருக்கு வெளியே. அங்கே அவர்கள் பேச வேண்டியதில்லை. முத்தநாதன் கூட்டத்தைவிடத் தத்தனின் வாளைப் பார்த்துத்தான் பயப்படுவான். அதை வேஷக்காரர் கண்ணிலேயே காட்டிவிடுவார். எல்லையில் தத்தன் நின்றதும் மற்றவன் திரைக்குப் பின்னால் போகாமல், கூட்டத்துக்கு நடுவே புகுந்து இருட்டில் மறைய வேண்டும். எங்கே போனான் என்று ஜனங்கள் திரும்பிப் பார்க்கட்டும்.

இவ்வளவு திட்டியதற்குக் காரணம் நோட்டின் பதினேழாம் பக்கம். ஆகமம் உபதேசிக்கும்போது அரசி இருக்கக்கூடாது என்று முத்தநாதன் சொல்கிறான். அவள் எழுந்து போகிறாள். போகிற வழியில், ஏடு படிக்க வெளிச்சம் போதாதே என்று விளக்குத் திரியைத் தூண்டிவிட்டுப் போகிறாள். பெரிய புராணத்தில் இது இல்லை. தம்பியின் சொந்தச் சரக்கு. கொல்ல வந்தவனுக்குக் கொலைக்கு வேண்டிய வெளிச்சத்தை அந்த வீட்டு எசமானியே ஏற்றி வைத்துவிட்டுப் போகிறாள், வசனம் இல்லாமல், திரும்பிப் பார்க்காமல். ஐம்பது வருஷக் கூத்தில் இப்படி ஒரு விளக்கை இதை எழுதுபவர் பார்த்ததில்லை. நோட்டை மூடி வைத்துவிட்டுத் திண்ணையில் வெகுநேரம் உட்கார வேண்டியதாயிற்று. அதில் ஓர் எழுத்தையும் தொடக்கூடாது.

மெய்ப்பொருளார் குருபூசை கார்த்திகை உத்திரத்தில் வரும். அதற்குள் திருத்தி முடித்தால் அன்றைக்கே ஆடலாம். 1974இன் கட்டை வாள் அவலூர்பேட்டை வீட்டுப் பரணில் இருக்கிறது. வெள்ளித்தாள் உரிந்துபோயிற்று, நுனியில் ஒரு பிளவு, பிடி மட்டும் கெட்டி. வந்து எடுத்துக்கொள்ளலாம்.